நடுவர் மாற்றலாகிப் போனால்: அரசு ஒப்பந்ததாரர்கள் கவனிக்க வேண்டியவை

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு சாலைப்பணி ஒப்பந்ததாரர் தம் வழக்குக் கட்டை என் மேசையில் வைத்தார். அதன் கடைசித் தாளில் ‘அடுத்த அமர்வின் தேதி பின்னர் அறிவிக்கப்படும்’ என்ற ஒற்றை வரியும், அதன் கீழ் இரண்டு ஆண்டுகளுக்கும் மேல் பழையதான ஒரு தேதியும் இருந்தன. தகராறை நீதிமன்றத்துக்கு வெளியே விசாரித்துத் தீர்ப்புச் சொல்லும் நடுவராக இருந்த கண்காணிப்புப் பொறியாளர் வேறு வட்டத்துக்கு மாற்றலாகிப் போய்விட்டார். “புது அய்யா பொறுப்பேற்றதும் அவங்களே கூப்பிடுவாங்கன்னு ஆபீஸ்ல சொன்னாங்க சார்” என்றார் அவர். யாரும் கூப்பிடவில்லை. அந்த இரண்டு ஆண்டுகளில் அவர் துறைக்கு ஒரு கடிதம்கூட எழுதவில்லை என்பதுதான் அந்தக் கட்டில் என்னை மிகவும் உறுத்தியது.

அரசு ஒப்பந்தத் தகராறுகளில் நடுவர் இடம் காலியாவது அபூர்வம் அல்ல. அதிகாரி மாற்றலாகிறார், ஓய்வு பெறுகிறார், உடல்நலம் குன்றுகிறார், சிலவேளை காரணம் சொல்லாமலே விலகிக்கொள்கிறார். ரயில்வே ஒப்பந்தம் ஒன்றில் அதிகாரிகளே நடுவர்களாக இருந்து, அவர்கள் அடுத்தடுத்து மாற்றப்பட்டதால் ஆண்டுக்கணக்கில் விசாரணை நகராமல் கிடந்ததை உச்ச நீதிமன்றம் 2009-இல் சிங் பில்டர்ஸ் சிண்டிகேட் வழக்கில் கண்டித்தது. ஒப்பந்த விதியை ஒதுக்கிவிட்டு ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவரை நடுவராக நியமித்ததையும் ஏற்றுக்கொண்டது. எனினும் அத்தகைய நிவாரணம் கேட்டுப் போனவருக்குத்தான் கிடைக்கும், காத்திருந்தவருக்குக் கிடைக்காது.

முதலில் பார்க்க வேண்டியது ஒப்பந்தத்தின் நடுவர் விதி. நடுவர் பெயரால் நியமிக்கப்பட்டாரா, பதவியால் நியமிக்கப்பட்டாரா என்பதை அங்கே தெளிவாகப் படித்துக்கொள்ள வேண்டும். பெயரால் நியமிக்கப்பட்டவர், விதியில் வேறு சொல்லப்படாத வரை, இடமாற்றத்தால் மட்டுமே தம் பொறுப்பை இழந்துவிடுவதில்லை. மத்தியப் பொதுப்பணித் துறை ஒப்பந்தங்களில் நெடுங்காலமாக இருந்துவரும் 25-ஆவது விதி போன்றவை, நடுவர் எக்காரணத்தாலும் பதவியை விட்டால் வேறொருவரை நியமிக்கலாம் என்றும், அவர் முன்னவர் விட்ட கட்டத்திலிருந்தே தொடரலாம் என்றும் சொல்கின்றன. இதே விதியின் பழைய வடிவங்கள் சிலவற்றில், குறிப்பிட்ட அதிகாரி நியமிக்கும் நபரைத் தவிர வேறு எவரும் நடுவராக முடியாது, அது இயலாவிட்டால் விவகாரம் நடுவரிடமே போகாது என்று ஒரு வாசகம் ஒளிந்திருக்கும். டெண்டர் ஆவணத்தில் இதை யாரும் படிப்பதில்லை. நானும் தொழிலுக்கு வந்த புதிதில் படித்ததில்லை.

1996-ஆம் ஆண்டின் நடுவர் தீர்ப்பு மற்றும் சமரசச் சட்டத்தில் மாற்று நடுவருக்கான வழி 15-ஆவது பிரிவில் உள்ளது. விலகிய நடுவரை எந்த விதிப்படி நியமித்தார்களோ, மாற்று நடுவரையும் அதே விதிப்படி நியமிக்க வேண்டும் என்கிறது அப்பிரிவு. இங்கே ‘விதி’ என்பது சட்டவிதியை மட்டுமன்றி ஒப்பந்தத்தில் எழுதப்பட்ட நியமன முறையையும் குறிக்கும் என்று உச்ச நீதிமன்றம் 2006-இல் யஷ்வித் கன்ஸ்ட்ரக்‌ஷன்ஸ் வழக்கில் கூறியது. ஆகவே நேராக நீதிமன்றத்துக்கு ஓடுவதற்கு முன், ஒப்பந்தப்படி நியமிக்க வேண்டிய அதிகாரிக்குப் பதிவுத் தபாலில் கோரிக்கை அனுப்பி, ஒப்புகை அட்டையைப் பத்திரப்படுத்துவது அவசியம். அவர் நியமிக்கத் தவறினால், 11-ஆவது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தை அணுகலாம். அந்த மனுவுக்கு 3 ஆண்டுக் காலவரம்பு உண்டு என்பதை மறக்கக் கூடாது.

ஆனால் அதே விதிப்படி என்பதில் இன்று ஒரு பெரிய சிக்கல் இருக்கிறது. பெரும்பாலான பழைய விதிகள், துறையின் அதிகாரியே நடுவர் அல்லது அவர் சொல்பவரே நடுவர் என்கின்றன. 2015-ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பின், தரப்பினர் ஒருவரின் ஊழியர் நடுவராக இருக்கத் தகுதியற்றவர்; தகுதியற்றவர் வேறொருவரைத் தனி நடுவராக நியமிக்கவும் முடியாது என்று உச்ச நீதிமன்றத்தின் 2017, 2019 தீர்ப்புகள் கூறின. பொதுத்துறை நிறுவனம் தானே தயாரித்த பட்டியலிலிருந்துதான் நடுவரைத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்று எதிர்த்தரப்பைக் கட்டாயப்படுத்த முடியாது என்று 8.11.2024 அன்று அந்நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வும் தெளிவுபடுத்தியது. ஆகவே மாற்றலாகிப் போன பொறியாளரின் இடத்தில் இன்னொரு பொறியாளரைத் துறை அமர்த்தும் கடிதம் வந்தால், அதை ஏற்றுக்கொண்டு முதல் அமர்வுக்குப் போய்விடாதீர்கள்.

இங்கே ஒப்பந்ததாரர்கள் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு: “அவர் நமக்குச் சாதகமாகத்தானே இருக்கிறார், ஏன் கிளற வேண்டும்?” 2019-இல் பாரத் பிராட்பேண்ட் வழக்கில், நடுவரை நியமித்த பொதுத்துறை நிறுவனமே பின்னர் அவர் தகுதியற்றவர் என்று சொல்லிவந்தது. உச்ச நீதிமன்றம் அதை ஏற்றது. தகராறு எழுந்த பிறகு இரு தரப்பும் எழுத்து மூலம் வெளிப்படையாக உடன்பட்டால் மட்டுமே இந்தத் தகுதியின்மையைப் பொருட்படுத்தாமல் விட முடியும் என்றும், கோரிக்கை மனு தாக்கல் செய்து விசாரணையில் கலந்துகொண்டது அத்தகைய உடன்பாடு ஆகாது என்றும் கூறியது. உங்களுக்குச் சாதகமாக வந்த தீர்ப்பையே துறை பிற்பாடு இந்தக் காரணத்தைக் காட்டி எதிர்க்கக்கூடும்.

ஆட்சேபணையை எங்கே எழுப்புவது என்பதிலும் கவனம் வேண்டும். தரப்பினரின் ஊழியராக இருப்பது போன்ற, சட்டத்தின் ஏழாவது அட்டவணை சொல்லும் தகுதியின்மை என்றால் 14-ஆவது பிரிவின் கீழ் நேரடியாக நீதிமன்றம் செல்லலாம். நடுவரின் நடுநிலை பற்றி ஐந்தாவது அட்டவணையில் வரும் ஐயப்பாடுகளை, அவை தெரிந்த 15 நாட்களுக்குள் 13-ஆவது பிரிவின்படி நடுவர் மன்றத்திடமே எழுப்ப வேண்டும்; அங்கே நிராகரிக்கப்பட்டால் விசாரணை தொடரும், அந்தக் குறையை இறுதித் தீர்ப்பை எதிர்க்கும்போதுதான் பேச முடியும். இந்த இரண்டையும் குழப்பிக்கொண்டு தவறான இடத்தில் மனு போட்டு ஓராண்டை இழந்தவர்களைப் பார்த்திருக்கிறேன்.

நேரக் கணக்கு தனி. 29-ஏ பிரிவின்படி, இரு தரப்பின் கோரிக்கை, மறுப்பு மனுக்கள் தாக்கலாகி நிறைவடைந்த நாளிலிருந்து 12 மாதங்களுக்குள் தீர்ப்பு வர வேண்டும். இரு தரப்பும் சம்மதித்தால் மேலும் 6 மாதம். அதற்கு மேல் நீதிமன்ற அனுமதி. நடுவர் இடம் காலியாகக் கிடந்தாலும் இந்தக் கடிகாரம் நின்றுவிட்டதாக நம்பிச் சும்மா இருப்பது ஆபத்து. காலம் முடிந்த பிறகும் நீட்டிப்பு கேட்கலாம் என்று 2024-இல் உச்ச நீதிமன்றம் கூறியிருந்தாலும், தாமதத்துக்குப் போதிய காரணம் காட்ட வேண்டியது விண்ணப்பதாரரே. நீட்டிப்பு தரும்போதே நடுவரை மாற்றும் அதிகாரமும் இப்பிரிவில் நீதிமன்றத்துக்கு உண்டு. அப்படி மாற்றினால் ஏற்கெனவே பதிவான சாட்சியத்தை அடிப்படையாகக் கொண்டு, விட்ட கட்டத்திலிருந்தே வழக்கு தொடரும். 15-ஆவது பிரிவில் வரும் மாற்று நடுவரோ, தரப்பினர் வேறு விதமாக உடன்படாவிட்டால், முந்தைய அமர்வுகளை மீண்டும் நடத்தலாமா என்பதைத் தம் விருப்பப்படி முடிவு செய்யலாம். குறுக்கு விசாரணை முடிந்த வழக்கில் இந்த வேறுபாடு மிகப் பெரியது. ஆகவே, பழைய சாட்சியத்தை ஏற்றுக்கொள்வதாக இரு தரப்பும் கையெழுத்திட்ட ஒரு கூட்டுக் குறிப்பை முதல் அமர்விலேயே தாக்கல் செய்துவிடும்படி நான் சொல்வது வழக்கம்.

அந்தச் சாலைப்பணி ஒப்பந்ததாரருக்காக நீதிமன்றத்தில் மனு தாக்கல் செய்தோம்; பல வாய்தாக்களுக்குப் பின் ஓய்வுபெற்ற மாவட்ட நீதிபதி ஒருவர் நடுவராக வந்தார். முதல் அமர்வில் அவர் கேட்டது, செய்த வேலையின் அளவுகள் பதியப்படும் அளவீட்டுப் புத்தகத்தின் மூன்று தொகுதிகளை. முந்தைய நடுவர் முன் அவை சான்றாவணங்களாகக் குறிக்கப்பட்டிருந்தன. அவர் மாற்றலாகிப் போனபோது அசல்கள் எந்தப் பீரோவுக்குப் போயின என்று அந்த அலுவலகத்தில் எவருக்கும் தெரியவில்லை. ஒவ்வொரு அமர்வின் முடிவிலும் ஒப்பந்ததாரர் சான்றாவணப் பட்டியலின் நகலில் நடுவரின் கையொப்பம் வாங்கி வைத்திருந்ததால், அவை தாக்கலானதையாவது நாங்கள் நிரூபிக்க முடிந்தது. நகல்களைக் கோர்த்துக் கொடுக்க இன்னும் நான்கு மாதங்கள் ஆயின.