ஆணி இல்லாத அரண்மனையும் சிமெண்டு போட்ட தூண்களும்

போன வாரம் மலேசியாவின் நெகிரி செம்பிலான் மாநிலத்தில், கோலா பிலா பக்கம் ஒரு பழைய மரவீட்டைப் பார்க்கக் கூப்பிட்டிருந்தார்கள். தூண்களின் அடியை முழங்கால் உயரத்துக்குச் சிமெண்டு போட்டு மூடியிருந்தார்கள். ஒரு தூணில் சிமெண்டைத் தட்டி எடுத்தேன். உள்ளே மரம் இல்லை, ஈரமான தூள்தான் இருந்தது. "ஸ்ரீ மெனாந்தி அரண்மனை ஆணியே இல்லாம நூறு வருசத்துக்கு மேல நிக்குதே அண்ணே, இதுவும் அதே செங்கால் மரந்தானே?" என்றார் வீட்டுக்காரர். இந்த வருடம் இதே கேள்வி என்னிடம் வருவது நான்காவது முறை.

சரி, அந்த அரண்மனையையே எடுத்துக்கொள்வோம். நெகிரி செம்பிலான் அரசர்களுக்கு முன்பிருந்த அரண்மனையை 1875–76 சண்டையில் பிரிட்டிஷ் படை எரித்துவிட்டது. இப்போது நிற்பதை அரசர் துவாங்கு முகமது காலத்தில் 1902-இல் தொடங்கி 1908-இல் முடித்தார்கள். காஹார், தாயிப் என்ற இரண்டு தச்சர்களின் கைவேலை அது. நான்கு மாடி, 99 தூண்கள். அந்த 99-ம் அந்நாட்டுப் போர்வீரர்களைக் குறிக்கும் என்பார்கள். 1931 வரை அரச குடும்பம் அங்கே வாழ்ந்தது, 1992-இல் அருங்காட்சியகமானது.

'ஆணி இல்லை' என்றதும் இரண்டு தப்பான முடிவுக்கு வந்துவிடுகிறார்கள். ஒன்று, அந்தக் காலத்தில் இரும்பு கிடைக்கவில்லை என்பது. கிரிஸ் கத்தி அடித்த கொல்லர்களுக்கா ஆணி அடிக்கத் தெரியாது? 1902-இல் கடைக்குப் போனால் ஆணி வாங்கலாம். வேண்டாம் என்றுதான் விட்டார்கள். இரண்டாவது, அதில் ஏதோ மாயம் இருக்கிறது, அதனால் மரம் கெடாது என்பது. ஆணி இல்லாததால் எந்த மரமும் கெடாமல் இருந்துவிடாது. ஆணிக்குப் பதில் அங்கே இருப்பது இதுதான்: ஒரு கட்டையில் துளை, இன்னொன்றில் நாக்கு, நடுவே இறுக்க மரமுளை. மலாய்க்காரர்கள் இந்த முளையைப் பாசாக் என்பார்கள். மழைக்கு மரம் உப்பும், வெயிலுக்குச் சுருங்கும். மரமுளை அதோடு சேர்ந்து அசைந்து கொடுக்கும், ஆணி கொடுக்காது. ஆணி துருப்பிடித்தால் சுற்றியுள்ள மரத்தையும் கெடுக்கும். முக்கியமாக, முளையைத் தட்டினால் மொத்தமும் கழன்று வரும். கெட்ட கட்டையை மாற்றலாம், வீட்டையே இடம் மாற்றலாம். திரெங்கானுவில் 1884-இல் கட்டிய இஸ்தானா சத்து என்ற மர அரண்மனை இன்று கோலாலம்பூர் தேசிய அருங்காட்சியக வளாகத்தில் நிற்பது அப்படித்தான். ஆணி இல்லாத வீடு பழுது பார்ப்பதற்காகவே கட்டிய வீடு. பழுதே பார்க்க வேண்டாம் என்று அதற்கு அர்த்தமில்லை.

செங்கால் உறுதியான மரம்தான், மறுக்கவில்லை. ஆனால் அந்த உறுதி வைரம் பாய்ந்த நடுக்கட்டைக்கு மட்டும்தான். வெளிக்கட்டையைக் கரையான் விடாது. (வாங்கும்போதே வெளிக்கட்டை கலந்து தந்துவிடுகிறார்கள், பாருங்கள்.)

சிமெண்டு போட்டவர்களிடம் கோபமாகவே சொல்கிறேன். தூணின் வெட்டுமுகம் தண்ணீரை உறிஞ்சும். அதற்காகத்தான் பெரியவர்கள் கல்லின் மேல் தூணை நிறுத்தினார்கள், அடியில் காற்றோட விட்டார்கள். நீங்கள் அதைச் சுற்றித் தொட்டி கட்டி ஈரத்தை அடைத்து வைக்கிறீர்கள்.

வீட்டுக்கு அடியில் விறகோ பழைய சாமானோ அடுக்காதீர்கள். பலகை அடித்து மூடாதீர்கள். பளபளப்புப் பெயிண்ட் வேண்டவே வேண்டாம், உள்ளே போன ஈரம் வெளியே வராது. விளக்கு மாட்ட ஆணி அடிக்காதீர்கள், கயிறு போதும். முளை தளர்ந்தால் அதே சாதி மரத்தில் புது முளை செதுக்கி அடியுங்கள், போல்ட் போடாதீர்கள். மழைக்காலத்துக்கு முன் ஒரு முறை, பின் ஒரு முறை, ஒரு திருப்புளியை எடுத்துக்கொண்டு வீட்டுக்கு அடியில் போய் ஒவ்வொரு தூணையும் குத்திப் பாருங்கள். சுலபமாக இறங்கினால் உடனே ஒரு தச்சரைக் கூப்பிடுங்கள். கூரை ஒழுகலையும் அப்போதே பாருங்கள், பாதிக் கேடு மேலிருந்துதான் வருகிறது.

அப்புறம் ஒரு வேண்டுகோள். தாத்தா கட்டிய வீடாக இருக்கும், உங்களுக்கும் பாசம் இருக்கும், அது எனக்குப் புரிகிறது. சிமெண்டு மூட்டை வாங்குவதற்கு முன்னால் ஒரு தச்சரிடம் ஒரு வார்த்தை கேளுங்கள். உளுத்த அடியை மட்டும் அறுத்துவிட்டுப் புதுக்கட்டை ஒட்டுப் போட்டால் பெரும்பாலும் தூண் பிழைக்கும்.

கோலா பிலா வீட்டில் மொத்தம் பன்னிரண்டு தூண்கள். ஒட்டுப் போட ஐந்துதான் தேறும். மற்ற ஏழுக்கும் மரம் தேடிக்கொண்டிருக்கிறோம்.