'கால ஊடகக் கலை' வேண்டாம், பொழுதுகலை போதும்

'கால ஊடகக் கலை' என்ற தொடரை இன்னும் எத்தனை கட்டுரைகளில் படிக்க வேண்டுமோ தெரியவில்லை. விவரம் தெரியாத ஒருவர் படித்தால் பத்திரிகை, தொலைக்காட்சியின் வரலாற்றைப் பற்றி ஏதோ சொல்லவருகிறார்கள் என்றுதான் நினைப்பார். சொல்லவந்ததோ காலத்தையே பொருளாக வைத்துச் செய்யும் கலையை.

மூலம் ஆங்கிலத்தின் 'டைம் பேஸ்டு மீடியா'. காணொளி, ஒலி, கணினி நிரல் என ஓடி முடிய ஒரு கால அளவு தேவைப்படும் படைப்புகளுக்கு அருங்காட்சியகங்கள் வைத்த பிரிவுப்பெயர் அது. 'மீடியம்' லத்தீனில் நடுவில் இருப்பது. நம் 'ஊடகம்' 'ஊடு' என்பதிலிருந்து வந்தது, கிட்டத்தட்ட அதே பொருள். வேர்க்கதை இவ்வளவுதான்.

ஊடகம் நல்ல சொல்தான், அதோடு எனக்குச் சண்டை இல்லை. ஆனால் இன்றைக்கு அதற்கு இரண்டு வீடுதான் உண்டு. ஒன்று செய்தித்துறை. இன்னொன்று இயற்பியல் பாடம், அங்கே ஒளி அடர்குறை ஊடகத்திலிருந்து அடர்மிகு ஊடகத்துக்குப் போகும். கலைஞர் கையாளும் பொருள் என்ற அர்த்தத்தில் அது பேச்சில் ஒட்டவே இல்லை. 'கல் ஊடகச் சிற்பம்' என்று யாராவது சொல்கிறோமா? கற்சிற்பம், மரச்சிற்பம், சுதைச்சிற்பம். பொருளின் பெயரைக் கலையின் பெயரோடு நேராகச் சேர்த்துவிடுகிறோம், நடுவில் 'ஊடகம்' என்று ஒரு தரகர் தேவைப்படுவதில்லை. தமிழ் இதை எப்போதோ தீர்த்துவைத்துவிட்டது, மொழிபெயர்ப்பாளர்கள்தான் ஆங்கிலத்தில் மூன்று சொல் இருந்தால் தமிழிலும் மூன்று இருந்தாக வேண்டும் என்று எண்ணிக்கொண்டிருக்கிறார்கள்.

சரி, ஊடகத்தை எடுத்துவிட்டுக் 'காலக்கலை' என்று வைக்கலாமே என்பார்கள். முடியாது. சங்ககாலக் கலை, சோழர் காலக் கலை, தற்காலக் கலை என்று சொல்லிப் பழகிய காதுக்குக் 'காலக் கலை' என்றதும் 'எந்தக் காலம்?' என்றுதான் கேட்கத் தோன்றும். அந்த இடத்தைக் கலை வரலாறு பிடித்துக்கொண்டாயிற்று. கலை இயக்கம் என்றால் பெயரின் முடிவில் 'இயம்' வேண்டும் என்று 'காலியம்' படைத்தவர்களும் உண்டு. அது வேதியியலில் ஒரு தனிமத்தின் பெயர் ஐயா, அணு எண் 31!

'நேரக்கலை' கொஞ்சம் பரவாயில்லை. ஆனால் நேரம் கடிகாரத்தில் இருப்பது. நிகழ்த்துகலைஞர் டேச்சிங் ஷே 1980 ஏப்ரலில் தொடங்கி ஓராண்டு முழுக்க, இரவும் பகலும் மணிக்கொரு தடவை வருகைப்பதிவு இயந்திரத்தில் அட்டையைக் குத்தினார். 8,760 தடவையில் 133 தவறின. தலையை மழித்துவிட்டுத் தொடங்கினார், ஒவ்வொரு குத்துக்கும் எடுத்த படச்சட்டங்களை ஓட்டினால் முடி வளர்ந்துகொண்டே போகிறது. கடிகாரம் அங்கே வெறும் கருவி. செய்பொருள் எதுவென்றால் தூக்கம் கெட்டுக் கழிந்த அந்த ஓராண்டு. அதை 'நேரம்' என்று சொன்னால் அலுவலக வருகைப்பதிவோடு நின்றுவிடும்.

கழிவதை, சாய்வதை, உடம்பில் ஏறுவதைச் சொல்ல நம்மிடம் உள்ள சொல் பொழுது. பொழுது விடியும், சாயும், போகாமல் படுத்தும். வள்ளுவர் அரசனுக்குச் சொல்லும்போது அதிகாரத்தின் பெயர் 'காலமறிதல்', மாலை வந்து வருத்தும்போது 'பொழுதுகண்டு இரங்கல்'. உடனே ஒருவர் 481ஆம் குறளைத் தூக்கிக்கொண்டு வருவார், காலமறிதலின் முதல் குறளே 'வேண்டும் பொழுது' என்றுதானே முடிகிறது என்று. உண்மைதான், வேலி அவ்வளவு உயரமில்லை. ஆனாலும் சாய்வு எந்தப் பக்கம் என்பது தெரிகிறது. அதைவிடப் பெரிய சாட்சி தொல்காப்பியம்: 'முதல் எனப்படுவது நிலம் பொழுது இரண்டின் இயல்பு'. கவிதைக்கு முதற்பொருளே நிலமும் பொழுதும் என்று எழுதிவைத்த மொழிக்குப் 'பேஸ்டு மீடியா'வைப் பார்த்து மலைப்பு எதற்கு?

அதனால் பொழுதுகலை. (ஒற்று மிகாது. உயிர்த்தொடர்க் குற்றியலுகரம், 'வரகு கதிர்' போல இயல்பாகத்தான் வரும்.) பொழுதுபோக்கு நினைவுக்கு வருகிறது என்பது ஒரு புகார். வரட்டும், வேர் ஒன்றுதானே. ஜெர்மனியின் ஹால்பர்ஸ்டாட் நகரத் தேவாலய ஆர்கனில் அமெரிக்க இசையமைப்பாளர் ஜான் கேஜின் இசை 2001இல் தொடங்கி 2640 வரை ஒலிக்கப்போகிறதே, 639 ஆண்டைப் 'பொழுது' தாங்குமா என்பது அடுத்த புகார். அகத்திணை ஆண்டு முழுவதையுமே ஆறு பெரும்பொழுதாக அடக்கியது. அங்கே பொழுது என்பது ஒரு மாலை மட்டுமில்லை.

அப்புறம் ஒன்று, அருங்காட்சியகப் பிரிவும் இந்தக் கலையும் ஒன்றில்லை. ஜப்பானிய ஓவியர் ஆன் கவாரா 1966 ஜனவரி 4 முதல் அன்றைய தேதியை மட்டும் ஓவியமாகத் தீட்டிவந்தார், நள்ளிரவுக்குள் முடியாவிட்டால் அழித்துவிடுவார். துணியும் வண்ணமும்தான், எதுவும் ஓடவில்லை, ஆகவே 'டைம் பேஸ்டு மீடியா' ஆகாது. ஆனால் பொழுதில்லாமல் அந்த ஓவியமே இல்லை. மறுபக்கம், இரண்டு நிமிடக் காணொளி அந்தப் பிரிவில் அடங்கும், பொழுதைப் பற்றிய அக்கறை அதில் துளியும் இல்லாமல் போகலாம். இரண்டுக்கும் ஒரே பெயரை ஒட்டுவதில்தான் பாதிக் குழப்பம். கண்காட்சிக் கையேட்டில் பிரிவைச் சொல்வதானால் காணொளி, ஒலி, நிகழ்த்துகலை என்று இருப்பதை எழுதுங்கள். 'நேர அடிப்படையிலான' என்று மட்டும் தொடங்காதீர்கள், அந்த 'அடிப்படையிலான' ஏற்கெனவே சமூகம், அறிவு, தரவு என்று ஒன்றுவிடாமல் ஒட்டிக்கொண்டு கிடக்கிறது.