பவர் டில்லர் மானியம்: கடைக்குப் போகும் முன் பட்டாவைப் பாருங்கள்

உழவு மாடுகள் குறைந்துவிட்டன, களையெடுக்க ஆள் கிடைப்பதில்லை. இரண்டு ஏக்கர் வைத்திருப்பவருக்கும் இன்று பவர் டில்லர் (பின்னால் நடந்தபடி கையால் பிடித்து ஓட்டும் சிறு உழவு இயந்திரம்) போன்ற இயந்திரம் வேண்டியிருக்கிறது. தமிழ்நாட்டில் இதற்கான மானியத்தைத் தருவது வேளாண்மைப் பொறியியல் துறை. சிறு, குறு விவசாயிகள், பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கு 50 சதவீதம், மற்றவர்களுக்கு 40. பட்டியல் சாதி, பழங்குடி சிறு, குறு விவசாயிகளுக்கு மாநில அரசு மேலும் 20 சதவீதம் தருகிறது.

50 சதவீதம் என்றதும் கடைக்காரர் சொல்லும் விலையில் பாதி என்று கணக்குப் போடாதீர்கள். ஒவ்வொரு கருவிக்கும் உச்சவரம்பு இருக்கிறது. இரண்டில் எது குறைவோ அதுதான் கிடைக்கும்.

பலர் பணத்தை இழப்பது இன்னோர் இடத்தில். "இப்போ வண்டியை எடுத்துட்டுப் போங்க, மானியம் அப்புறம் வந்துடும்" என்று விற்பனையாளர் சொல்வார். எடுக்காதீர்கள். துறையின் அனுமதி கைக்கு வரும் முன் வாங்கிய கருவிக்கு மானியம் கேட்டு அலைந்து, கடனோடு நிற்பவர்களைப் பார்த்திருக்கிறேன். அனுமதி வந்து, துறை ஏற்ற மாடலை வாங்கி, அதிகாரி நேரில் பார்த்த பிறகுதான் பணம் வரும்.

அடுத்தது பட்டா. நிலத்தில் வேலை முழுக்க மாறிவிட்டது. பட்டா மட்டும் இன்னும் தாத்தா பெயரில் இருக்கிறது. பெண் விவசாயிக்கு 50 சதவீதம் என்று நம்பிப் போகிறவரிடம், பட்டா கணவர் பெயரில் இருக்கிறதே என்பார்கள். காலமெல்லாம் நாற்று நட்ட கை அங்கே கணக்கில் வராது. குத்தகைக்காரர் பாடு இன்னும் மோசம். ஆகவே பட்டா மாறுதலுக்கு இன்றே இ-சேவை மையத்தில் மனு கொடுங்கள். ஆதாரிலும் பட்டாவிலும் இனிஷியல்வரை பெயர் ஒன்றாக இருக்கட்டும்.

சிறு, குறு விவசாயி சான்றிதழ் தாசில்தாரிடமிருந்து வரவேண்டும். நிலம் 5 ஏக்கருக்குள் என்பது வருவாய்த் துறையின் பதிவிலேயே இருக்கிறது, இருந்தும் அதை நிரூபிக்க கிராம நிர்வாக அலுவலர் (விஏஓ), வருவாய் ஆய்வாளர் (ஆர்ஐ) என்று நீங்கள்தான் நடக்கவேண்டும். திட்டம் அறிவிக்கும்வரை காத்திருக்காமல் முன்பே வாங்கி வையுங்கள்.

விதை, உரத்துக்குப் போகும் வேளாண் விரிவாக்க மையத்தில் இதற்காக நின்று நாளை வீணாக்காதீர்கள். பார்க்கவேண்டியது பொறியியல் துறையின் உதவி செயற்பொறியாளர் அலுவலகம். தமிழ்நாடு அரசின் 'உழவன்' கைபேசிச் செயலியிலும் விண்ணப்பிக்கலாம். பதிவு எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள்.

"நிதி இல்லை, அடுத்த வருஷம் பாருங்க" என்றால் அதை எழுத்தில் கேளுங்கள். தராவிட்டால் மாதாமாதம் கலெக்டர் நடத்தும் விவசாயிகள் குறைதீர் கூட்டத்தில் பதிவு எண்ணோடு மனு கொடுத்து, ரசீது வாங்காமல் வராதீர்கள்.