டம்ப்ளிங்கின் தோல் வெந்துவிட்டது, உள்ளே இருக்கும் பூரணம் வெந்ததா?

வீட்டில் செய்த டம்ப்ளிங்கை, அதாவது கொழுக்கட்டைபோல் மாவுத் தோலுக்குள் பூரணம் வைத்து மடித்து வேகவைப்பதைச் சாப்பிட்டுவிட்டுக் காய்ச்சலும் வயிற்றுப்போக்குமாக என்னிடம் வந்த குடும்பங்களில், இந்த ஒரு மாதத்தில் மட்டும் இது மூன்றாவது. தாய், தந்தை, ஏழு வயது மகள் மூவருமே துவண்டுபோயிருந்தார்கள். சிறுமியின் மலத்தில் இரத்தமும் கலந்திருந்தது. மூன்று நாட்களுக்கு முன் என்ன சாப்பிட்டீர்கள் என்று கேட்டதும், அந்தத் தாய் கைப்பேசியை எடுத்துப் படம் ஒன்றைக் காட்டினார். "பாருங்க டாக்டர், நல்லா வெந்துதான் இருக்கு. மேல்மாவு கண்ணாடி மாதிரி ஆயிடுச்சு. அதுவும் ஆவியில வெச்சதுதான்" என்றார். படத்தில் இருந்தவை உண்மையிலேயே அழகாக இருந்தன. ஒரே சீரான மடிப்புகளுடன், அரைத்த கோழி இறைச்சியும் சீஸும் நிரம்பிப் புடைத்திருந்தன. அடுத்த படத்தில், பாதி கடித்த ஒன்றின் நடுவே இறைச்சி இன்னும் பிசைந்த மாவைப் போலக் குழைவாகவே இருந்தது. அதைச் சீஸ் உருகியது என்று நினைத்துக்கொண்டதாக அவர் சொன்னார்.

மேல்மாவு கண்ணாடிபோல் ஆகிவிட்டால் டம்ப்ளிங் வெந்துவிட்டது என்ற நம்பிக்கையைத்தான் முதலில் கைவிட வேண்டும். கோதுமை மாவில் உள்ள ஸ்டார்ச் சுமார் 60 டிகிரி செல்சியஸிலேயே நீரை உறிஞ்சிப் பளபளக்கத் தொடங்கிவிடும். கோழி இறைச்சியின் நடுப்பகுதி பாதுகாப்பான நிலையை எட்ட 74 டிகிரி வேண்டும். தோலோ ஒன்றிரண்டு மில்லிமீட்டர் தடிமன்தான், அதன்மீது ஆவி நேரடியாகப் படுகிறது. பூரணம் அதற்குள் பொதிந்து கிடக்கிறது, வெப்பம் மெல்ல மெல்லத்தான் அதன் நடுவுக்குப் போய்ச் சேரும். எனவே தோலின் பளபளப்பு தோலைப் பற்றி மட்டுமே சொல்கிறது, பூரணத்தைப் பற்றி எதுவும் சொல்வதில்லை. ஆவியில் வைத்த உணவு எண்ணெய் குறைவானது என்பது சரி. ஆனால் எண்ணெய் குறைவு என்பதும் கிருமி இல்லை என்பதும் ஒன்றல்ல என்பதை எத்தனை முறை சொன்னாலும் அடுத்த வாரம் மீண்டும் சொல்ல வேண்டியிருக்கிறது.

முழு இறைச்சித் துண்டில் கிருமிகள் பெரும்பாலும் மேற்பரப்பில்தான் இருக்கும், சூடும் முதலில் அங்கேதான் படும். அரைக்கும்போது அந்த மேற்பரப்பு முழுவதும் உள்ளே கலந்துவிடுகிறது. பாதி வெந்த கொத்துக்கறியைப் பாதி வெந்த துண்டுக்கறியோடு ஒப்பிடவே கூடாது என்று நான் வற்புறுத்துவது இதனால்தான்.

கலவைப் பாணி என்று சொல்லி ஓர் ஊரின் தோலில் இன்னோர் ஊரின் பூரணத்தை வைத்து மடிக்கும்போது இந்தச் சிக்கல் இரட்டிப்பாகிறது. செய்முறையில் எழுதியிருக்கும் எட்டு நிமிடமோ பத்து நிமிடமோ, அந்தச் செய்முறைக்குரிய அளவுக்கும் பூரணத்துக்கும் மட்டுமே பொருந்தும். நீங்கள் அதை இரண்டு மடங்கு பெரிதாக்கி, குளிர்ந்த சீஸ் கட்டியை நடுவில் வைத்து, தட்டில் இடைவெளியே இல்லாமல் நெருக்கி அடுக்கிவிட்டு, அதே பத்து நிமிடத்தை நம்பினால் என்ன ஆகும்? பூரணத்தில் சோயா சாஸ் சேர்த்திருந்தால் நிறமும் கைகொடுக்காது, ஏனெனில் அது பச்சை இறைச்சியையே பழுப்பாக்கி வெந்ததுபோல் காட்டிவிடும்.

உணவு வெப்பமானி ஒன்றை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். தட்டின் நடுவில் இருக்கும் மிகப் பெரிய டம்ப்ளிங்கின் பக்கவாட்டில் அதைச் செருகி, முனை பூரணத்தின் மையத்தைத் தொடும்படி பாருங்கள். 74 டிகிரியைத் தாண்டிய பிறகே இறக்குங்கள். அது இல்லாதவர்களுக்கும் சிறு பிள்ளைகள் இருக்கும் வீடுகளுக்கும் நான் சொல்லும் வழி எளிதானது. இறைச்சியை முதலிலேயே வாணலியில் முழுமையாக வேகவைத்து, அகலமான தட்டில் பரப்பி விரைவாக ஆறவைத்து, அதன் பிறகு பூரணமாக வையுங்கள். சாறு கொஞ்சம் குறையத்தான் செய்யும், குறையட்டும். உறைய வைத்தவற்றை வெளியே எடுத்து உருகவிடாமல் அப்படியே ஆவியில் ஏற்றி, சில நிமிடங்கள் கூடுதலாக வேகவிடுங்கள். உறைநிலை கிருமிகளைத் தூங்க வைக்குமே தவிரக் கொல்வதில்லை. பச்சை மாவும் பச்சை உணவுதான், பிள்ளைகளை அதை வாயில் போட விடாதீர்கள். மூடியைத் திறக்கும்போது ஆவி முகத்தில் அடிக்காதபடி எதிர்ப்புறமாகச் சாய்த்துத் திறங்கள், கொதிநீரைவிட ஆவிதான் ஆழமாகச் சுடும்.

இனி சாஸுக்கு வருகிறேன். அந்தக் குடும்பத்தின் கதையில் என்னை மிகவும் வருத்தியது டம்ப்ளிங்கூட அல்ல, சாஸ்தான். பச்சை இறைச்சியைப் பிசைந்து எடுத்த கிண்ணத்தில் சோயா சாஸும் இஞ்சியும் மிச்சமிருந்ததாம். வீணாக்க மனமில்லாமல் அதில் வினிகரும் மிளகாயும் கலந்து, தொட்டுக்கொள்ள மேசையில் வைத்திருக்கிறார்கள். வினிகர் கிருமியைக் கொன்றுவிடும் என்று நினைத்தார்களாம். சாஸில் நாம் சேர்க்கும் இரண்டு தேக்கரண்டி வினிகரை நம்பிப் பச்சை இறைச்சியின் சாற்றைக் குடிக்கக் கொடுக்க முடியாது. பச்சை இறைச்சி தொட்ட கிண்ணம், கரண்டி, பலகை, கை எல்லாம் சோப்புப் போட்டுக் கழுவிய பிறகே அடுத்த வேலைக்கு வர வேண்டும்.

அந்தச் சிறுமியின் மலப் பரிசோதனையில் கேம்பிலோபாக்டர் கிருமி தெரிந்தது. அது உடலுக்குள் போன பிறகு நோயாக வெளிப்படப் பெரும்பாலும் 2 முதல் 5 நாட்கள் ஆகும். அதனால்தான் நோயாளிகள் நேற்றைய உணவையே குற்றம் சொல்லிக்கொண்டிருக்க, நாங்கள் அதற்கும் முந்தைய நாட்களைத் துருவித் துருவிக் கேட்கிறோம். தயவுசெய்து சலித்துக்கொள்ளாமல் பதில் சொல்லுங்கள்.

எனக்கு உண்மையான அச்சம் தருவது இன்னொரு சாஸ், எண்ணெயில் பச்சைப் பூண்டைப் போட்டு அலமாரியில் வாரக்கணக்கில் வைக்கும் பூண்டு எண்ணெய். எண்ணெயில் மூழ்கினால் கெடாது என்பது பரவலான எண்ணம். மண்ணிலிருந்து பூண்டோடு வரும் கிளாஸ்ட்ரிடியம் பாட்டுலினம் என்ற கிருமியின் வித்துகள், காற்றில்லாத இடத்தில்தான் முளைத்து நஞ்சைச் சுரக்கும். பூண்டை எண்ணெயில் மூழ்க வைப்பது அந்தக் காற்றில்லாத இடத்தை நாமாகவே அமைத்துக் கொடுப்பதாகும். எண்ணெயை லேசாகச் சூடாக்கி ஊற்றினாலும் பயனில்லை, அந்த வித்துகள் நீரின் கொதிநிலையையே தாங்கும். 1985ஆம் ஆண்டு கனடாவின் வான்கூவரில், ஓர் உணவகத்தில் பரிமாறப்பட்ட எண்ணெயில் ஊறிய நறுக்கிய பூண்டினால் 36 பேருக்கு பாட்டுலிசம், அதாவது அந்த நஞ்சு நரம்பைப் பற்றித் தசைகளைச் செயலிழக்கச் செய்யும் நோய் வந்தது. அவர்களில் பலருக்குத் தொடக்கத்தில் வேறு நோய் என்றே முடிவு செய்யப்பட்டது. அந்த எண்ணெயில் மணமோ சுவையோ மாறியிருக்க வேண்டும் என்று எதிர்பார்க்காதீர்கள், மாறாமலும் இருக்கலாம்.

ஆகவே பூண்டு எண்ணெயை அன்றைக்கு வேண்டிய அளவு மட்டும் செய்யுங்கள். மிஞ்சினால் உடனே குளிர்சாதனப் பெட்டியில் வைத்து 4 நாட்களுக்குள் தீர்த்துவிடுங்கள், அதற்கு மேல் இருப்பதைக் கொட்டிவிடுங்கள். வெந்த டம்ப்ளிங்கையும் 2 மணி நேரத்துக்கு மேல் வெளியே வைக்காதீர்கள். விருந்தினருக்குப் பரிமாறும் முன், சாஸில் வேர்க்கடலையோ எள்ளோ இருக்கிறது என்பதையும் சோயா சாஸில் பெரும்பாலும் கோதுமை உண்டு என்பதையும் சொல்லிவிடுங்கள். ஒவ்வாமை உள்ளவருக்கு அது உயிர்ப் பிரச்சினை.

வயிற்றுப்போக்கு வந்தால் உப்பு-சர்க்கரைக் கரைசலைத் தொடர்ந்து கொடுங்கள். மருந்துக் கடையில் ஆன்டிபயாட்டிக் கேட்டு வாங்க வேண்டாம். மலத்தில் இரத்தம், 102 டிகிரி ஃபாரன்ஹீட்டைத் தாண்டிய காய்ச்சல், நீர்கூடத் தங்காத வாந்தி, சிறுநீர் குறைதல், 3 நாட்களுக்கு மேல் நீளும் பேதி ஆகியவற்றில் ஒன்று இருந்தாலும் மருத்துவரிடம் வாருங்கள். கர்ப்பிணிகள், ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகள், முதியவர்கள் ஆகியோர் அதுவரை காத்திருக்கவும் வேண்டாம்.

பேதியும் காய்ச்சலும் இல்லாமலேயே கண் இமை சரிந்தாலோ, பார்வை இரண்டிரண்டாகத் தெரிந்தாலோ, பேச்சு குழறினாலோ, விழுங்கக் கடினமானாலோ விடியட்டும் என்று இருந்துவிடாதீர்கள். நள்ளிரவானாலும் நேராகப் பெரிய மருத்துவமனைக்குப் போய், எண்ணெயில் ஊறிய பூண்டைச் சாப்பிட்டோம் என்பதை முதல் வாக்கியத்திலேயே சொல்லுங்கள். பாட்டுலிசத்துக்குத் தரப்படும் நஞ்சு முறிவு மருந்து, நரம்பில் இன்னும் பற்றாத நஞ்சைத்தான் தடுக்கும். ஏற்கெனவே செயலிழந்த தசையை அது மீட்டுத் தராது.