யின், யாங், அப்புறம் உங்கள் மாத்திரை டப்பா

சிங்கப்பூரில் மருந்துக் கவுண்டருக்குப் பின்னால் நிற்கும் யாரும் யின்-யாங்கிலிருந்து தப்பிக்க முடியாது. "இந்த மாத்திரை ரொம்ப ஹீட்டி, அதனால ஒருநாள் விட்டு ஒருநாள்தான் போடுறேன்" என்று சீன ஆன்ட்டி ஒருவர் அடிக்கடி வந்து சொல்வார். ஹீட்டி என்றால் உடம்புக்குச் சூடு, யின்-யாங் கணக்கில் யாங் கூடிவிடுவது; குளிர்ச்சி யின். கையில் இருப்பது ரத்த அழுத்த மாத்திரை, தினமும் போட வேண்டியது. புதிதாக வேலைக்குச் சேர்ந்த பிள்ளைகள் இதைக் கேட்டுச் சிரித்துவிடுகிறார்கள். சிரித்தால் ஆன்ட்டி அடுத்த தடவை வாயைத் திறக்கமாட்டார். மாத்திரையை மட்டும் நிறுத்திவிடுவார்.

நம் ஆட்களிடம் யின்-யாங் என்றால் அந்தக் கறுப்பு வெள்ளை வட்டம்தான். வெள்ளை நல்லது, கறுப்பு கெட்டது, இரண்டுக்கும் ஓயாத சண்டை என்று விளக்கமும் சொல்வார்கள். மூன்றுமே தப்பு. இரண்டு மீன்கள் சுற்றுவதுபோல் இருக்கும் அந்த வட்டமே மிங் வம்சக் காலத்தில்தான் இந்த வடிவத்துக்கு வந்தது. யின்-யாங் பேச்சு அதைவிட ஆயிரத்து ஐந்நூறு வருடத்துக்கு மேல் மூத்தது.

யின் என்பது மலையின் நிழல் விழும் பக்கம், யாங் வெயில் விழும் பக்கம். அவ்வளவுதான் தொடக்கம். சீனாவில் மலையின் தெற்குச் சரிவுக்கு வெயில் அதிகம், ஆகவே அது யாங். ஆற்றுக்கு இது தலைகீழ். பள்ளத்தாக்கில் ஓடும் ஆற்றின் வடகரை தெற்கைப் பார்த்துச் சரிந்திருக்கும், வெயில் அங்கேதான் விழும். லுவோ ஆற்றுக்கு வடக்கே எழுந்த பழைய தலைநகரம் லுவோயாங் ஆனது அப்படித்தான். யாங்சி ஆற்றின் தென்கரை ஊர் ஒன்று ஜியாங்யின். (யாங்சியில் வரும் யாங் வேறு எழுத்து, குழப்பிக்கொள்ள வேண்டாம்.) ஆக வடக்கு என்ற திசை தன்னளவில் யின்னும் இல்லை, யாங்கும் இல்லை. எதற்கு வடக்கு என்று கேட்டால்தான் பதில் கிடைக்கும்.

இந்த 'எதற்கு' என்ற கேள்வியை விட்டுவிட்டால் யின்-யாங் வெறும் லேபிள் ஆகிவிடும். சீன மருத்துவத்தின் மூலநூலான ஹுவாங்தி நெய்ஜிங் முதுகை யாங் என்றும் வயிற்றை யின் என்றும் சொல்கிறது. அதோடு நிற்பதில்லை. யாங் பக்கத்துக்குள்ளேயே இதயம் யாங், நுரையீரல் யின் என்று மறுபடி பிரிக்கிறது. எவ்வளவு உள்ளே போனாலும் இந்தப் பிரிவு தொடரும்.

காலமும் அதை மாற்றிவிடும். டிசம்பர் 21 அல்லது 22-ல் வரும் குளிர்கால உச்சநாளில் வருடத்தின் மிக நீண்ட இரவு. யின் முழுசாக நிறைந்த அன்றைக்கே யாங் முளைக்கிறது என்பது சீனர்களின் கணக்கு. குறி பார்க்கும் பழைய சீன நூலான யீஜிங்கில் இதற்கு ஒரு குறி உண்டு. மேலே ஐந்து முறிந்த கோடுகள், அடியில் ஒரே ஒரு முழுக்கோடு. இங்கே என் பக்கத்து வீட்டில் அன்று பசையரிசி மாவில் உருண்டை பிடித்து, இஞ்சி போட்ட சர்க்கரைப் பாகில் மிதக்கவிடுவார்கள். எங்கள் வீட்டுக்கும் ஒரு கிண்ணம் வந்துவிடும்.

அன்றாடப் பேச்சில் இந்தச் சொற்கள் எங்கெல்லாம் புகுந்திருக்கின்றன என்று பார்த்தாலே நல்லது-கெட்டது விளக்கம் அடிபட்டுப் போகும். சூரிய நாள்காட்டி யாங், சந்திர நாள்காட்டி யின். மேகமூட்டமான நாள் யின். மருத்துவப் பரிசோதனையில் பாசிட்டிவ் என்றால் யாங், நெகட்டிவ் என்றால் யின். கோவிட் காலத்தில் சீனாவில் ஒருவர் "யாங் ஆயிட்டேன்" என்றால் யாரும் வாழ்த்துச் சொல்லவில்லை, தள்ளி நின்றார்கள்.

யாங் உயர்வு, யின் தாழ்வு என்ற எண்ணம் சீனாவில் இல்லாமலும் இல்லை. ஹான் வம்சக் கன்ஃபூசிய அறிஞர் தோங் சோங்ஷு அப்படி வரிசை கட்டி, அரசன்-அமைச்சன், தந்தை-மகன், கணவன்-மனைவி உறவுகளுக்குப் பொருத்தினார். அந்த வரிசையில் மனைவிகளுக்குக் கிடைத்த இடம் என்ன என்று சொல்லத் தேவையில்லை.

சரி, சாப்பாட்டுக்கு வருவோம். மாம்பழம் சூடு, மோர் குளிர்ச்சி என்று வளர்ந்த நமக்கு இது சட்டென்று பிடிபடும். டுரியான் ஹீட்டி, மங்குஸ்தான் கூலிங், ஆகவே இரண்டையும் சேர்த்துச் சாப்பிடு. நண்டு குளிர்ச்சி, ஆகவே இஞ்சி போடு. தொண்டை கரகரத்தால் செவ்வந்திப்பூத் தேநீர் அல்லது பார்லித் தண்ணீர். இதில் கெடுதல் ஒன்றும் இல்லை. ஆனால் முறையாகப் படித்த சீன மருத்துவர் இந்தப் பட்டியலை எடுத்த எடுப்பில் நீட்டமாட்டார். நாக்கை நீட்டச் சொல்வார், இரண்டு மணிக்கட்டிலும் நாடி பார்ப்பார், தூக்கம், மலம், வியர்வை எல்லாம் விசாரிப்பார். ஒருவருக்கு மருந்தாவது அடுத்தவருக்கு ஆகாது என்பதுதான் அந்த முறையின் உயிர். அதனால்தான் "எல்லோருக்கும் ஏற்ற யின்-யாங் சமநிலைத் தேநீர்" என்று போனில் விளம்பரம் வந்தால் எனக்குச் சந்தேகம் வருகிறது. எல்லோருக்கும் ஏற்றது என்ற பேச்சே யின்-யாங்குக்கு எதிரானது.

என் வேலை நிஜமாகவே ஆரம்பிப்பது சூடு-குளிர்ச்சிக் கணக்கும் மருத்துவமனை மருந்தும் ஒரே வயிற்றில் சந்திக்கும்போதுதான். இதயத் துடிப்புக் கோளாறுக்காக, ரத்தம் உறைவதைத் தடுக்கும் வார்ஃபரின் சாப்பிடும் ஒரு பாட்டி. ரத்தம் உறைய எடுக்கும் நேரத்தைக் காட்டும் ஐஎன்ஆர் அளவு அவருக்கு 2-க்கும் 3-க்கும் இடையில் இருக்க வேண்டும், மாதக்கணக்காக அப்படியே இருந்தும் வந்தது. ஒருநாள் பார்த்தால் நாலரையைத் தாண்டியிருக்கிறது, முழங்கையில் நாவல்பழ நிறத்தில் பெரிய கன்றல். மாத்திரை எண்ணிக்கை சரியாக இருந்தது. புதிதாக வேறு மருந்து உண்டா என்று கேட்டால் "இல்லை" என்றார். "ஆன்ட்டி, உடம்புக்குச் சூடு ஏத்த ஏதாவது சூப் வைக்கிறீங்களா?" என்று மாற்றிக் கேட்டதும் முகம் மலர்ந்துவிட்டது. கால் சில்லிட்டுப்போகிறது, யாங் குறைந்துவிட்டது, மகள் கருங்கோழியும் டாங் குவாய் வேரும் போட்டுச் சூப் வைத்துத் தருகிறாள் என்றார். டாங் குவாய் வார்ஃபரினின் வேலையைக் கூட்டிவிடக்கூடியது. டான்ஷென் என்ற வேரும் அப்படியே. ஜின்செங் இதற்கு மாறாக மருந்தின் வேலையைக் குறைக்கலாம். பாட்டி பொய் சொல்லவில்லை. அவர் கணக்கில் சூப் சாப்பாடு, மருந்து இல்லை.

நம் அதிமதுரத்தின் சீன உறவான கான்சாவ் ஏராளமான கஷாயங்களில் சேர்கிறது, மற்ற சரக்குகளை இணக்கப்படுத்துகிறது என்பதற்காக. அளவு மீறி, நீண்ட நாள் குடித்தால் அது ரத்தத்தில் பொட்டாசியத்தைக் குறைத்து ரத்த அழுத்தத்தை ஏற்றும். நீர் பிரிய மாத்திரை போடுகிறவர்கள் இன்னும் கவனமாக இருக்க வேண்டும்.

பச்சைக் குழந்தை விஷயத்தில் நான் கொஞ்சம் கறாராகவே பேசுவேன். பிறந்த குழந்தையின் உடம்பில் கருவிலிருந்து வந்த சூடு தங்கியிருக்கிறது, அதைத் தணிக்க வேண்டும் என்று ஹுவாங்லியன் என்ற கசப்பு வேரைக் கொடுக்கும் வழக்கம் ஒருகாலத்தில் இருந்தது. ஜி6பிடி என்ற நொதி குறைவாக உள்ள குழந்தைகளுக்கு மஞ்சள் காமாலை முற்றியதோடு இதைத் தொடர்புபடுத்தி, அந்த வேரில் உள்ள பெர்பெரினை சிங்கப்பூர் 1978-ல் தடை செய்தது. பிறகு கிடைத்த ஆதாரங்களைப் பார்த்து 2013-ல் தடையைத் தளர்த்தினார்கள். தளர்த்தினார்கள் என்பதற்காக உங்கள் குழந்தைக்குக் கொடுக்கலாம் என்று அர்த்தமில்லை. குழந்தை மஞ்சளாகத் தெரிந்தால் முதலில் ரத்தப் பரிசோதனை, சூடா குளிர்ச்சியா என்ற ஆராய்ச்சி அப்புறம்.

இதெல்லாம் சீனர்களுக்குத்தானே என்று நினைக்காதீர்கள். முதுகுவலிக்கும் பிள்ளைப்பேற்றுக்கும் சீன மருத்துவரிடம் போகும் தமிழ்க் குடும்பங்கள் இங்கே நிறைய. போங்கள், தப்பில்லை. 2000-ல் வந்த சட்டப்படி சிங்கப்பூரில் சீன மருத்துவர்கள் பதிவு பெற்றிருக்க வேண்டும், அதை மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள். நீங்கள் சாப்பிடும் ஆங்கில மருந்துகளின் பட்டியலை அவரிடம் காட்டுங்கள். அவர் எழுதித் தந்த சீட்டை எங்களிடம் காட்டுங்கள். ஹீட்டியாக இருக்கிறது என்று தோன்றினால் மாத்திரையை நிறுத்துவதற்கு முன்னால் வந்து சொல்லுங்கள். வாய் உலர்வது, முகம் சிவப்பது, மலச்சிக்கல் என்று நீங்கள் சூடு எனச் சொல்வதில் பாதி அந்த மருந்தின் பக்கவிளைவாகவே இருக்கும், அதற்கு மாற்று மருந்தும் பெரும்பாலும் இருக்கும். சீட்டு சீன எழுத்தில் இருக்கிறதே என்று தயங்க வேண்டாம். போனில் படம் எடுத்து வந்தால் போதும், கவுண்டரில் படிக்கத் தெரிந்தவர் யாராவது இருப்பார்.