அட்வான்ஸ் எப்போது வரும்? வாடகை வீடும் சில சட்ட விஷயங்களும்

வாடகைத் தகராறு என்று என்னிடம் வருகிறவர்களில் பெரும்பாலானவர்கள் வீட்டைக் காலி செய்த பிறகுதான் வருகிறார்கள். சாமானை ஏற்றியாயிற்று, சாவியையும் கொடுத்தாயிற்று, அட்வான்ஸ் மட்டும் வரவில்லை. "அடுத்த ஆள் குடி வரட்டும், அவங்க கொடுக்கிற அட்வான்ஸை வாங்கி உங்களுக்குத் தர்றேன்" என்கிறார் வீட்டுக்காரர். பல சமயம் அவர் ஏமாற்றுக்காரரும் இல்லை. வாங்கிய பணத்தை மாடி கட்டவோ மகள் கல்யாணத்துக்கோ செலவழித்துவிட்டார், அவ்வளவுதான்.

பத்து மாத வாடகையை அட்வான்ஸாக வாங்குவது சென்னையின் நெடுநாள் பழக்கம். 1960-ஆம் ஆண்டின் வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் ஒரு மாத வாடகைக்கு மேல் வாங்கக் கூடாது என்றது. மயிலாப்பூரிலும் சரி, பெரம்பூரிலும் சரி, அதை யாரும் கண்டுகொண்டதில்லை. அதற்குப் பதிலாக 2017-இல் இயற்றப்பட்ட புதிய சட்டம் 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறையில் இருக்கிறது. மூன்று மாத வாடகைதான் உச்சவரம்பு என்று அது சொல்கிறது. ஆனால் இரு தரப்பும் வேறு மாதிரி ஒப்பந்தம் செய்துகொண்டால் அதற்கும் இடம் விட்டிருக்கிறது. ஆகவே பத்து மாதம் என்று எழுதியிருக்கும் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டு, "சட்டம் மூணு மாசம்தானே சொல்லுது" என்று பிறகு கேட்பதில் பெரிய பலன் இருக்காது. பேரத்தையெல்லாம் கையெழுத்துக்கு முன்பே முடித்துக்கொள்ளுங்கள்.

திருப்பித் தரும் விஷயத்தில் சட்டம் தெளிவாகவே இருக்கிறது. காலி செய்த ஒரு மாதத்துக்குள், குடியிருந்தவர் தர வேண்டிய பாக்கியைக் கழித்துக்கொண்டு மீதியைக் கொடுத்துவிட வேண்டும். அடுத்த ஆள் வந்தாலும் வராவிட்டாலும் கணக்கு இதுதான்.

அடுத்த சண்டை பெயிண்ட். "காலி பண்ணும்போது ஒரு மாச வாடகை பெயிண்டிங் சார்ஜ்" என்று புரோக்கர் வாய்வார்த்தையாகச் சொல்லியிருப்பார். ஆனால் சட்டத்தின் இரண்டாவது அட்டவணைப்படி சுவருக்கு வெள்ளையடிப்பது, கதவு ஜன்னலுக்குப் பெயிண்ட் அடிப்பது, குழாய் மாற்றுவது, ஒயரிங், கட்டட ரிப்பேர் எல்லாம் வீட்டுக்காரர் பொறுப்பு. வாஷர், ஸ்விட்ச், பூட்டு, ஜன்னல் கண்ணாடி, வாஷ்பேசின், கீசர் ரிப்பேர் போன்றவை குடியிருப்பவர் பொறுப்பு. ஒப்பந்தத்தில் வேறு மாதிரி எழுதியிருந்தால் அதுதான் செல்லும். ஆகவே பெயிண்டுக்குக் கழிப்பதாக இருந்தால் எவ்வளவு என்று எழுதிவிடுங்கள். வாய்ப்பேச்சை நம்பிக் கழிக்கிற வீட்டுக்காரரும் அவஸ்தைப்படுகிறார். வேளச்சேரிப் பக்கம் மழை வெள்ளத்தில் ஊறிய சுவருக்குக் குடியிருந்தவரிடம் காசு கேட்பது எந்தக் கணக்கிலும் வராது. குடிபோகும் நாளிலேயே ஒவ்வொரு அறையையும் போனில் வீடியோ எடுத்து, வீட்டுக்காரருக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பி வையுங்கள். நான் பார்த்தவரை, பாதிச் சண்டைக்கு அதுவே போதும்.

அட்வான்ஸ் வராது என்ற பயத்தில் குடியிருப்பவர்கள் செய்யும் ஒரு காரியம் இருக்கிறது. கடைசி நான்கைந்து மாதம் வாடகை தராமல் "அட்வான்ஸ்ல கழிச்சுக்கோங்க" என்று சொல்லிவிடுவது. வீட்டுக்காரர் எழுத்தில் ஒப்புக்கொண்டால் சரி. இல்லையென்றால் இது ஆபத்து. இரண்டு மாத வாடகை பாக்கி நின்று, நோட்டீஸ் கிடைத்த ஒரு மாதத்துக்குள் கட்டாவிட்டால், காலி செய்யச் சொல்லி வழக்குப் போட அதுவே காரணமாகிவிடும். வீட்டுக்காரர் வேண்டுமென்றே வாடகை வாங்க மறுத்தால் வாடகை அதிகாரியிடம் பணத்தைக் கட்ட வழி இருக்கிறது.

வாடகை அதிகாரி என்பவர் துணை ஆட்சியர் நிலைக்குக் குறையாத அரசு அலுவலர். அவருக்கு மேலே வாடகை நீதிமன்றம், அதற்கும் மேலே தீர்ப்பாயம். ஒப்பந்தம் எழுத்தில் இருந்தால் போதாது, இந்த அதிகாரியிடம் பதிவும் செய்ய வேண்டும். அரசின் இணையதளத்திலேயே செய்யலாம். பதினோரு மாத ஒப்பந்தத்துக்குப் பதிவு வேண்டாம் என்பது சார்பதிவாளர் அலுவலகத்தைப் பொறுத்த கணக்கு. வாடகை அதிகாரியிடம் செய்யும் பதிவு வேறு, அதற்கு அந்த விலக்கு இல்லை. எழுத்தில் ஒப்பந்தம் செய்யாததே வெளியேற்றத்துக்கு ஒரு காரணம் என்று சட்டத்தில் இருப்பது பலருக்குத் தெரியாது. வருமான வரிக்குப் பயந்து பாதி வாடகையை மட்டும் ஒப்பந்தத்தில் காட்டும் வீட்டுக்காரர்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும்: பாக்கி என்று வழக்குக்கு வரும்போது அந்தப் பாதியைத்தான் நிரூபிக்க முடியும்.

சண்டை முற்றினால் மோட்டார் ஸ்விட்சை அணைப்பது, பீஸைப் பிடுங்குவது இங்கே சகஜம். தண்ணீர், மின்சாரம் போன்ற அடிப்படை வசதிகளை வீட்டுக்காரர் நிறுத்தக் கூடாது. நிறுத்தினால் உடனே இணைப்புக் கொடுக்க வாடகை அதிகாரி இடைக்கால உத்தரவு போடலாம். வாடகை பாக்கி இருந்தாலும் இதில் மாற்றமில்லை. வீட்டைப் பார்க்க வருவதானாலும் 24 மணி நேரத்துக்கு முன் எழுத்தில் சொல்ல வேண்டும். அதே மாதிரி, குடியிருப்பவர் எழுத்துப்பூர்வ சம்மதம் இல்லாமல் இன்னொருவரை உள்வாடகைக்கு வைக்க முடியாது. ஒரு ரூமை நண்பனுக்கு விட்டுக் காசு வாங்கினாலும் இதே கதைதான்.

அப்புறம் லீஸ். மாத வாடகை இல்லாமல் ஏழெட்டு லட்சத்தை மொத்தமாகக் கொடுத்துக் குடிபோவது. இதில்தான் ஆட்கள் முழுசாகக் கவிழ்கிறார்கள். ஒரு வகை, இடைத்தரகர் வீட்டுக்காரரிடம் மாத வாடகைக்கு எடுத்து, அதே வீட்டை உங்களுக்கு லீஸுக்கு விடுவது. சில மாதம் வாடகை கட்டுவார், பிறகு ஆள் இருக்க மாட்டார், வீட்டுக்காரர் வந்து கதவைத் தட்டுவார். இன்னொரு வகை, ஏற்கெனவே வங்கியில் அடமானத்தில் இருக்கும் வீடு. கடன் கட்டாமல் வங்கி சுவாதீனம் எடுக்க வரும்போது, அடமானத்துக்குப் பிறகு பதிவில்லாத லீஸில் குடிவந்தவர் சொல்வது எடுபடுவது கடினம். பணம் கொடுப்பதற்கு முன் பதிவுத்துறை இணையதளத்தில் வில்லங்கச் சான்றைப் பாருங்கள். பதிவான அடமானம் அதில் தெரியும். பத்திரத்திலும் சொத்துவரி ரசீதிலும் இருக்கும் பெயர் எதிரே உட்கார்ந்திருப்பவருடையதுதானா என்று ஆதாரை வாங்கிச் சரிபாருங்கள். பணத்தை அந்தப் பெயரில் இருக்கும் வங்கிக் கணக்குக்கே அனுப்புங்கள், புரோக்கர் கணக்குக்கு வேண்டாம். ஒரு வருடத்துக்கு மேல் என்றால் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு கட்டாயம். அந்தச் செலவை மிச்சம் பிடிக்கலாம் என்று வீட்டுக்காரர் சொன்னால், வேறு வீடு பாருங்கள்.