ஷாங்காயில் அடி வாங்கிய போலீஸ்காரர்

தற்காப்பு வகுப்புக்குப் புதிதாக வருகிறவர்கள் முதல் வாரமே கேட்பது, "மாஸ்டர், கத்தியைப் பிடுங்குறது எப்போ சொல்லித் தருவீங்க?" என்பதுதான். ரீல்ஸில் பார்த்திருப்பார்கள். எதிராளி கையை நீட்டிக்கொண்டு சிலை மாதிரி நிற்பான், நம்மாள் மணிக்கட்டைத் திருகிக் கத்தியை உருவிவிடுவார். இப்படிக் கேட்கிறவர்களுக்கு நான் வில்லியம் ஃபேர்பேர்ன் கதையைச் சொல்வேன்.

1885இல் இங்கிலாந்தில் பிறந்தவர். ராயல் மரீன்ஸ் படையில் இருந்துவிட்டு 1907இல் ஷாங்காய் நகராட்சிப் போலீஸில் சேர்ந்தார். அபின், ஆள்கடத்தல், துப்பாக்கிக் கொள்ளை என்று நாறிக்கொண்டிருந்த ஊர் அது. அங்கே ஒரு கும்பல் அவரைக் குற்றுயிராக அடித்துப் போட்டது. ராணுவப் பயிற்சி எடுத்த உடம்புதான், ஆனாலும் கைகொடுக்கவில்லை. எழுந்து நடமாட ஆரம்பித்ததும் ஜுஜுட்சு என்ற ஜப்பானியத் தற்காப்புக் கலையைக் கற்றார், அப்புறம் ஜூடோவில் பிளாக் பெல்ட், கொஞ்சம் சீன முறைகளும்.

இவ்வளவு கற்ற மனிதர் காவலர்களுக்குச் சொல்லிக்கொடுக்க உட்கார்ந்தபோது பெரும்பகுதியைக் கழித்துவிட்டார் என்பதுதான் எனக்குப் பிடித்த இடம். 'டிஃபெண்டு' என்று தன் முறைக்குப் பெயர் வைத்தார். விரித்த உள்ளங்கையின் அடிப்பகுதியால் தாடையில் ஒரு இடி, கை விளிம்பால் ஒரு வெட்டு, முழங்கால், இப்படிச் சில அடிகள்தான் அதன் முதுகெலும்பு. பயத்தில் இதயம் படபடக்கும்போது விரல்கள் நுணுக்கமான வேலை எதையும் செய்யாது. நம்பாதவர்களை மூன்று மாடி ஏறி இறங்கி ஓடவிட்டு, உடனே ஊசியில் நூல் கோக்கச் சொல்வேன், தெரிந்துவிடும். முஷ்டியால் ஓங்கிக் குத்திச் சுண்டுவிரல் பக்கத்து எலும்பை உடைத்துக்கொண்டு வந்தவர்களையும் பார்த்திருக்கிறேன், அதனால் விரித்த கைதான் என் வகுப்பிலும் முதல் பாடம்.

துப்பாக்கிப் பயிற்சியிலும் இதே புத்திதான். மைதானத்தில் நின்று நிதானமாகக் குறிபார்ப்பது சந்துக்குள் உதவாது என்று, இருட்டறையும் திடீரென்று எழும் பொம்மைகளுமாக ஒரு வீட்டையே அமைத்துக் காவலர்களை உள்ளே அனுப்பினார்.

இரண்டாம் உலகப் போர் நடந்துகொண்டிருந்த 1940இல் நாடு திரும்பியபோது அவருக்கு வயது 55. ஷாங்காய் நண்பர் எரிக் சைக்ஸோடு ஸ்காட்லாந்தில் கமாண்டோக்களுக்குப் பயிற்சி கொடுத்தார். கண்ணாடி போட்ட இந்தப் பெரியவரா சண்டை சொல்லித்தரப் போகிறார் என்று இளவட்டங்கள் நினைத்திருப்பார்கள். இருவர் பெயரிலும் வந்த இருபக்கக் கூர்க் கத்தி இன்றும் கமாண்டோ படைகளின் சின்னங்களில் இருக்கிறது. 1942இல் கனடாவின் 'கேம்ப் எக்ஸ்' முகாமுக்குப் போய் உளவாளிகளுக்கும் கற்றுக்கொடுத்தார்.

ஒன்று கவனிக்க வேண்டும். அந்தப் போர்க்காலப் பாடங்கள் எதிரியைக் கொல்வதற்கானவை. பழைய கையேட்டை டவுன்லோட் செய்து நண்பனின் கழுத்தில் பழகிப் பார்க்காதீர்கள். பஸ் ஸ்டாண்டில் செயின் அறுக்க வந்தவன்மேல் அதைக் காட்டினால் நீங்களும் கோர்ட்டுக்கு அலைய வேண்டியிருக்கும், தற்காப்பு உரிமைக்குச் சட்டத்தில் எல்லை உண்டு.

சரி, கத்திக்கு வருவோம். ரப்பர் கத்தியின் விளிம்பில் சிவப்புச் சாயம் தடவி ஒருவர் கையில் கொடுத்து, வெள்ளை பனியன் போட்ட இன்னொருவரைப் பிடுங்கச் சொல்வேன். பத்து நொடிதான். அப்புறம் பனியனில் உள்ள கோடுகளை அவரே எண்ண வேண்டும். எண்ணி முடித்தவர்கள் அநேகமாகப் பிடுங்குவதைப் பற்றிக் கேட்பதில்லை. செருப்பைக் கழற்றிப் போட்டுவிட்டு ஓடலாமா மாஸ்டர் என்றுதான் கேட்கிறார்கள்.